மூன்றாவது ஆளுக்கு அங்கே என்ன வேலை?

முன்னாள் படைவீரர் சங்கத்தில் மலர் ஒன்று போடுகிறோம், விங் கமாண்டர் ராஜமாணிக்கத்தைப் பற்றி நீங்கள்தான் எழுத வேண்டும், அவருக்குக் கீழே வேலை பார்த்தவர் இந்த மாவட்டத்தில் வேறு யாரும் உயிரோடு இல்லை என்றார்கள். எழுதிக் கொடுத்தேன். ஒரு வாக்கியத்தை மட்டும் மாற்றித் தாருங்கள் என்றார்கள். மாட்டேன் என்றேன். மலர் என் கட்டுரை இல்லாமலே வெளிவந்தது. சூலக்கரைப் பக்கம் சங்கத்துக்குப் புதிதாகக் கட்டிய மண்டபத்துக்கு அவர் பெயரை வைப்பதாக இருந்தது. அதுவும் நின்றுபோயிற்று. மண்டப வாசலுக்கு மேலே பெயருக்கென்று விட்ட இடத்தில் இப்போது வெறும் வெள்ளைப் பூச்சுதான் இருக்கிறது. செத்தவருக்குக் கிடைக்கவிருந்த மரியாதையை இந்த மாரியப்பன் பிடிவாதத்தால் கெடுத்துவிட்டான் என்று சங்கத்தில் பேச்சு. பேசட்டும். சிவகாசிக்காரனுக்கு அச்சகத்துக்கா பஞ்சம்? மலரில் வராததை இங்கே முழுதாக எழுதுகிறேன். இதில் யாரும் கை வைக்க முடியாது.

நான் அச்சங்குளத்துக்காரன். அப்பாவும் அம்மாவும் பிறர் காட்டில் கூலி வேலை பார்த்தவர்கள். மழை பொய்த்துப் பொய்த்து, கடைசியில் பட்டாசு வேலைக்குப் போனார்கள், நானும் கூடப் போனேன். சீனப் போர் முடிந்த கையோடு விமானப்படைக்கு ஆள் எடுத்தார்கள். எங்கள் ஊரிலிருந்து நான் ஒருவன் தேறினேன். பயிற்சியைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. தலையை மழித்தார்கள், இந்தி பேச வைத்தார்கள், சோறு கேட்ட நாக்கைச் சப்பாத்திக்குப் பழக்கினார்கள். எந்தப் பிரிவுக்கு அனுப்பலாம் என்று கேட்டபோது, வெடிமருந்தைக் கண்டால் பயமா என்றார்கள். பக்கத்தில் நின்றவர்கள் எல்லாரும் இல்லை என்றார்கள். எனக்குப் பயம் உண்டு என்றேன். என்னை ஆர்மமென்ட் பிரிவில் போட்டார்கள். விமானத்தில் குண்டு ஏற்றுவது, இறக்குவது, துப்பாக்கிக்கு ரவை நிரப்புவது, இதுதான் என் வேலை என்றாயிற்று.

மேற்கு எல்லையை ஒட்டிய ஒரு விமானதளத்தில் கார்ப்பரலாக இருந்தபோதுதான் அவரைப் பார்த்தேன். தளத்தின் தொழில்நுட்பப் பிரிவுகள் எல்லாவற்றுக்கும் அவரே தலைவர். வந்த புதிதில் அவர் தமிழர் என்றே எனக்குத் தெரியாது. ஒட்ட வெட்டிய மீசை, கறுத்த ஒடிசலான உடம்பு, பேசுவது ஆங்கிலமும் இந்தியும்.

குண்டுகளைத் தயார்செய்யும் கொட்டகையில் ஒருநாள் நான் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். பூட்ஸைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு, வாசலைப் பார்த்த முகமாகக் குந்தி உட்கார்ந்திருந்தேன். பட்டாசு அறையில் அப்படித்தான் உட்காருவோம். வாசலுக்கு முதுகு காட்டி உட்காருகிறவனுக்கு முதல் நாளே அடி விழும். எங்கள் சார்ஜென்ட்டுக்கு இது பிடிக்காது. பூட்ஸ் இல்லாமல் வேலை பார்ப்பது ஒழுங்கீனம் என்று கத்திக்கொண்டிருந்தார். அப்போது விங் கமாண்டர் உள்ளே வந்தார். என் கால்களைப் பார்த்தார், நான் உட்கார்ந்திருந்த திசையைப் பார்த்தார். சார்ஜென்ட்டிடம் ஏதோ வேலை சொல்லி வெளியே அனுப்பினார்.

“ஏலே, சிவகாசிப் பக்கமா?” என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அச்சங்குளம் என்றேன். தனக்கு ஆனைக்குட்டத்துக்குப் பக்கத்துக் கிராமம் என்றார். ஊர்க்காரன் என்று ஒட்டிக்கொள்ளலாம் என்று நினைத்தால் அது நடக்கவில்லை. அடுத்த வார்த்தையே, பூட்ஸைப் போடு, இங்கே தரையில் ஆணி கிடக்கும் என்றார். வாசலைப் பார்த்து உட்காருவதை மட்டும் விடாதே என்றார்.

அவருடைய வழக்கம் ஒன்று தளம் முழுக்கப் பிரசித்தம். எந்த வேலை நடக்கும் இடத்துக்கு வந்தாலும் முதலில் கேட்பது, “இந்த வேலைக்கு எத்தனை பேர் வேணும்?” என்பதுதான். மூன்று பேர் என்று சொன்னால் விடமாட்டார். முதல் ஆள் என்ன செய்கிறான், இரண்டாவது ஆள் என்ன செய்கிறான் என்று ஒவ்வொருவராகக் கேட்பார். மூன்றாவது ஆளுக்கு அங்கே என்ன வேலை என்று சொல்ல முடியாவிட்டால் அவன் அந்த நிமிஷமே கொட்டகையை விட்டு வெளியே போக வேண்டும். வேடிக்கை பார்க்கிறவன், பேச்சுத் துணைக்கு நிற்கிறவன், பெரிய அதிகாரிக்குப் பின்னால் கையைக் கட்டிக்கொண்டு வருகிறவன் யாருக்கும் சலுகை கிடையாது. ஒருமுறை தளத்தின் தலைமை அதிகாரியே விருந்தாளி ஒருவரைக் கூட்டிக்கொண்டு கொட்டகையைச் சுற்றிக் காட்ட வந்தார். வாசலிலேயே சல்யூட் அடித்து நிறுத்தி, உள்ளே வேலை முடிகிறவரை காத்திருக்க வைத்தார் இவர். விமானிகளுக்கு இவரைக் கண்டால் ஆகாது. பறக்கிறவர்களைத் தரையில் இருக்கிறவர் நிறுத்தி வைப்பதாவது என்று உணவு விடுதியில் முணுமுணுப்பார்கள். அவர் காதில் விழுந்தாலும் விழாத மாதிரி நின்றுகொண்டே சாப்பிட்டுவிட்டுப் போய்விடுவார்.

அவர் சத்தம் போட்டு நான் கேட்டதே இல்லை. கோபம் வந்தால் குரல் இன்னும் தணியும். நாங்கள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்க வேண்டும். சாதாரண ஏர்மேனாக வெள்ளைக்காரன் காலத்தில் சேர்ந்து, இதே ஆர்மமென்ட் வேலை பார்த்து, படித்துப் பரீட்சை எழுதி அதிகாரியானவர். ஆகையால் எங்கள் கை வேலை எல்லாம் அவருக்கு அத்துப்படி. நாங்கள் ஏய்க்க விடமாட்டார், எங்களை யாரும் ஏய்க்கவும் விடமாட்டார்.

ஊரிலிருந்து அவருக்குச் சாத்தூர் சேவு டின்னில் வரும். வந்த அன்றைக்கு என்னைக் கூப்பிட்டு அனுப்புவார். அலுவலகக் கதவைச் சாத்திக்கொண்டு இரண்டு பேரும் தின்போம். வாசம் பிடித்துக்கொண்டு யாராவது கதவைத் தட்டினால், மூன்றாவது ஆளுக்கு இங்கே வேலை இல்லை என்று உள்ளேயிருந்தே குரல் கொடுப்பார். அவர் விளையாட்டாகப் பேசியதென்று எனக்குத் தெரிந்து அது ஒன்றுதான்.

அப்படி ஒரு நாளில்தான் அந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்று சொன்னார். அவருடைய அம்மா தீப்பெட்டி ஆபீஸில் குச்சி அடுக்கும் வேலை பார்த்தவர். அக்கா ஒருத்தி. அவள் எந்தக் கம்பெனிக்கும் வேலைக்குப் போனவள் இல்லை. பக்கத்து வீட்டுச் சிநேகிதி பட்டாசுக்குப் போனாள். மத்தியானம் அவளுக்குச் சோறு கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, பேசிக்கொண்டே பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள் அக்கா. அறையில் தீப்பிடித்தது. வேலை பார்த்தவர்கள் இரண்டு பேர் வாசல் பக்கம் இருந்ததால் வெளியே விழுந்து பிழைத்தார்கள். அக்கா உள்பக்கம் இருந்தாள்.

“சும்மா போனவதான்லே அவ,” என்றார். “அவளுக்கு அங்கன ஒரு வேலையும் இல்ல.”

எங்கள் பக்கத்தில் இந்த மாதிரிக் கதை இல்லாத தெரு எது?

எழுபத்தொன்றாம் வருடத்துப் போர் தொடங்கிச் சில நாட்கள் ஆகியிருந்தன. வெயில் ஏறிய நேரம். காலையில் போன நான்கு விமானங்களில் ஒன்று முதலில் திரும்பியது. இறக்கைக்குக் கீழே ஒரு குண்டு விழாமல் தொங்கிக்கொண்டிருந்தது. இப்படி நடப்பதுண்டு. விமானி பொத்தானை அழுத்துவார், முன் கொக்கி விடும், பின் கொக்கி பிடித்துக்கொள்ளும். குண்டு மூக்கைத் தாழ்த்திக்கொண்டு ஆடிக்கொண்டே வரும். அதன் மூக்கில் சின்னக் காற்றாடி ஒன்று உண்டு. காற்றில் அது சுற்றச் சுற்றக் குண்டு வெடிக்கத் தயாராகும். இந்தக் குண்டின் காற்றாடி பாதி சுற்றிவிட்டது.

விமானி பதமாகத்தான் இறக்கினார். ஆனால் ஓடுபாதையின் நடுவில் டயர் வெடித்து விமானம் அங்கேயே நின்றுவிட்டது. விமானி இறங்கித் தள்ளிப் போய்விட்டார். எங்கள் தளத்துக்கு ஓடுபாதை ஒன்றுதான். மற்ற மூன்று விமானங்களும் மேலே வந்து வட்டமடிக்க ஆரம்பித்துவிட்டன. வேறு தளத்துக்குப் போக அவற்றில் எரிபொருள் இல்லை. நடுப்பாதையில் நிற்பதை நகர்த்தாவிட்டால் மூன்று விமானமும் மூன்று விமானியும் போக வேண்டியதுதான்.

எங்கள் ஆட்கள் எல்லாரும் அடுத்த அணிக்குக் குண்டு ஏற்றிக்கொண்டிருந்தார்கள். கை சும்மா இருந்தவன் நான் ஒருவன். விங் கமாண்டர் தானே ஜீப்பை ஓட்டிக்கொண்டு வந்து நின்றார்.

“எத்தனை பேர் வேணும்?”

“ரெண்டு பேர் சார். ஒருத்தர் குண்டு ஆடாமப் பிடிக்கணும். ஒருத்தர் காத்தாடி சுத்தாமப் பூட்டுற ஊசிப் பின்னைச் சொருகணும்.”

“ஏறு,” என்றார்.

இன்னொரு ஆளை வரச் சொல்லியிருக்கலாமே என்று பிற்பாடு விசாரணையில் கேட்டார்கள். அங்கே ஏற்கெனவே இரண்டு பேர் இருந்தோம். நானும் அவரும். அவர் கணக்கில் வேலைக்கு ஆள் சரியாக இருந்தது.

ஜீப்பைத் தள்ளி நிறுத்திவிட்டுப் பக்கவாட்டில் நடந்தோம். முன்பக்கமாகப் போகக் கூடாது, துப்பாக்கியில் ரவை இருக்கும். போகிற வழியில் அவர் கைக்கடிகாரத்தையும் மோதிரத்தையும் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுப் பொத்தானை மாட்டினார். விமானத்தின் உடம்பில் உள்ளங்கையை வைத்து ஒரு கணம் நின்றார். நானும் வைத்தேன். உடம்பில் இருக்கிற மின்சாரம் இறங்குவதற்காக அது. பட்டாசு அறை வாசலில் தகட்டைத் தொட்டுவிட்டு உள்ளே நுழைவோமே, அதேதான். பிறகு அவர் குனிந்து குண்டின் மூக்குக்குக் கீழே தோளைக் கொடுத்தார். பாரம் பின் கொக்கியில் இருந்தது. அவர் செய்தது அது ஆடாமல் அண்டக்கொடுத்தது. நான் மண்டியிட்டு, காற்றாடியை இரண்டு விரலால் பிடித்து நிறுத்தினேன். பின் போடுகிற துளை நேருக்கு வரவில்லை. ஒரு மயிரிழை. அவர் என்னை அவசரப்படுத்தவில்லை, தைரியமும் சொல்லவில்லை. அவர் மூச்சுச் சத்தம் மட்டும் என் காதுக்குப் பக்கத்தில் கேட்டுக்கொண்டிருந்தது. தோளை இம்மியளவு உயர்த்தினார். துளை நேருக்கு வந்தது. பின் உள்ளே போனது.

விதிப்புத்தகத்தின்படி அதற்கப்புறம் தள்ளுவண்டியைக் கொண்டுவந்து, குண்டை இறக்கி, அப்புறப்படுத்திய பிறகுதான் விமானத்தை நகர்த்த வேண்டும். அதற்கு நேரம் பிடிக்கும். மேலே மூன்று விமானங்களும் சுற்றிக்கொண்டிருந்தன. அவர் அண்ணாந்து ஒருமுறை பார்த்தார். தூரத்தில் டிராக்டரோடு நின்ற ஜோகிந்தரைக் கையசைத்துக் கூப்பிட்டார். ஜோகிந்தர் பஞ்சாப்காரன், எங்கள் டிராக்டர் ஓட்டுநர். வந்து சங்கிலியை மாட்டி இழுக்க ஆரம்பித்தான். டயர் இல்லாத சக்கரம் ஏறி இறங்கிக் குலுக்கியது. ஒவ்வொரு குலுக்கலுக்கும் குண்டு தலையை ஆட்டியது. கொக்கி விட்டால் தரையில் விழுந்து இழுபடும், பின் போட்டிருந்தாலும் அதை நம்ப முடியாது. விங் கமாண்டர் தோளை எடுக்காமலே விமானத்தோடு குனிந்து நடந்தார். நான் மறுபக்கம் குண்டின் வாலில் கையை வைத்துக்கொண்டு நடந்தேன்.

அப்போது சைரன் அலறியது. எதிரி விமானங்கள் வருகின்றன என்று அர்த்தம். சைரன் கேட்டால் போட்டது போட்டபடி பதுங்கு குழிக்கு ஓட வேண்டும், அதிகாரி, சிப்பாய் என்ற பேதமில்லை. அது உத்தரவு.

அவர் நடந்துகொண்டேதான் கேட்டார். “எத்தனை பேர் வேணும்லே?”

“டிராக்டருக்கு ஜோகிந்தர். குண்டுக்கு ஒரு ஆள். ரெண்டு பேர் சார். நீங்க போங்க, நான் பிடிச்சுக்கிறேன்.”

“தோள் மாத்துற நேரத்துலதான் விழும். நீ இங்கன எதுக்கு?”

வாலில் கை வைத்திருந்தேனே தவிர, அந்தக் கையால் ஆகக்கூடியது ஒன்றும் இல்லை என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

“ஓடுலே,” என்றார்.

ஓடினேன். குழிக்குள் விழுந்தேன். இரண்டு விமானங்கள் தாழப் பறந்து ஓடுபாதை நெடுகச் சுட்டுக்கொண்டே வந்தன. முதல் சுற்றில் ரவை எல்லாம் டிராக்டருக்குப் பின்னால் விழுந்தது. திரும்பி வந்தன. இரண்டாவது சுற்று முடிந்து நான் தலையைத் தூக்கியபோது, டிராக்டரும் விமானமும் ஓடுபாதையை விட்டு மண்ணில் இறங்கி நின்றன. ஜோகிந்தர் என்னைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தான். போய்ப் பார்த்தேன். விங் கமாண்டர் சக்கரத்தில் முதுகைச் சாய்த்துத் தரையில் உட்கார்ந்திருந்தார். சட்டை முழுக்க ரத்தம். அவர் தலைக்கு மேலே குண்டு கொக்கியில் தொங்கிக்கொண்டிருந்தது. சற்று நேரத்தில் மேலே இருந்த மூன்று விமானங்களும் ஒன்றன்பின் ஒன்றாக இறங்கின.

கடைசியாக என்ன சொன்னார் என்று கேட்பார்கள். மலர்களில் அப்படித்தான் எழுதுவார்கள், நாட்டுக்காக என்று ஏதாவது ஒரு வசனம் வைப்பார்கள். அவர் ஒன்றும் சொல்லவில்லை. விமானங்கள் இறங்கிய சத்தம் அவர் காதில் விழுந்ததா என்றும் எனக்குத் தெரியாது. நான் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, வெட்கமில்லாமல் ஓவென்று அழுதேன். அது மட்டும்தான் எனக்குத் தெரியும்.

விசாரணை நடந்தது. ஏர்மேன் செய்ய வேண்டிய வேலையை மூத்த அதிகாரி செய்தது தவறு, குண்டோடு விமானத்தை நகர்த்தியது தவறு, சைரனை மதிக்காதது தவறு என்று முடிவாயிற்று. பதக்கம் இல்லை. விசாரித்தவர்கள் மேல் எனக்கு வருத்தமில்லை. அவர்கள் கையில் இருந்தது விதிப்புத்தகம், அதில் எழுதியிருப்பதைத்தான் அவர்கள் சொல்ல முடியும். அந்த இடத்தில் நின்றவன் சொல்ல வேண்டியதை நான் அன்றும் சொன்னேன், இன்றும் சொல்கிறேன். அவர் செய்தது சரி.

படையிலிருந்து வந்த பிறகு பட்டாசுக் கம்பெனிகளில் ஃபோர்மேனாக இருந்தேன். கம்பெனிகளில் என்று பன்மையில் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஓர் இடத்தில் நிலைத்திருக்க என்னை விடவில்லை. ஓர் அறையில் நாலு பேர்தான் உட்கார வேண்டும் என்பது எல்லாருக்கும் தெரிந்த விதி. தீபாவளி சீசன் வந்து ஆர்டர் குவிந்துவிட்டால் அந்த நாலு ஆறாகும், ஏழாகும். நான் அறை வாசலில் போய் நிற்பேன். உனக்கு இங்கே என்ன வேலை என்று ஒவ்வொருவராகக் கேட்பேன். அதிகப்படியான ஆளை எழுப்பி வெளியே அனுப்புவேன்.

ஒரு சீசனில் அப்படி மூன்று பெண்களை வெளியே அனுப்பினேன். அதில் ஒருத்தி, தீபாவளிக்குப் பிள்ளைகளுக்குத் துணி எடுக்க வைத்திருந்த கூலியில் மண்ணள்ளிப் போட்டுவிட்டேன் என்று வாசலிலேயே நின்று ஏசினாள். அவள் ஏசியது நியாயம்தான். முதலாளி நல்லவர், மரியாதையாகப் பேசுகிறவர். லோடு லாரியில் ஏறுகிற வரைக்கும் கண்டுகொள்ளாமல் இருங்கள் என்றார். முடியாது என்றேன். அப்படியானால் வீட்டில் ஓய்வெடுங்கள் என்றார். எடுத்தேன். நான் போன பிறகு அதே அறையில் ஏழு பேர் உட்கார்ந்து அந்த சீசனை முடித்தார்கள்.

அந்த அறை வெடித்ததா என்று கேட்பீர்கள். வெடிக்கவில்லை. இன்றுவரை அது அப்படியே நிற்கிறது. பிற்பாடு ஒரு கல்யாண வீட்டில் முதலாளி என்னைப் பார்த்து, என்ன ஃபோர்மேன், ஒன்றும் ஆகவில்லையே என்று சிரித்தார். ஆகாததற்கு அவரும் காரணம் இல்லை, நானும் காரணம் இல்லை. ஆனால் அவர்களை எழுப்பியது சரி. மறுபடி அந்த வாசலில் நிறுத்தினாலும் எழுப்புவேன்.

இப்போதைய ஃபோர்மேன்கள் படித்துப் பயிற்சி பெற்றுச் சான்றிதழோடு வருகிறார்கள். வாங்க ஐயா, ஏதாவது சொல்லுங்க என்று கூட்டத்துக்குக் கூப்பிடுவார்கள். விங் கமாண்டர் கதையைச் சொன்னேன். ஒருவர் எழுந்து, தீப்பொறி கண்டால் திரும்பிப் பார்க்காமல் ஓடு என்று எங்களுக்குச் சொல்கிறீர்களே, உங்கள் சார் ஏன் ஓடவில்லை என்று கேட்டார். கெட்டிக்காரத்தனமான கேள்வி. யார் யார் ஓட வேண்டும் என்று பார்த்து ஓட்டிவிட்டார், ஓட்டிய பிறகு மிச்சம் இருந்தது அவரும் ஜோகிந்தரும், அவர்கள் இரண்டு பேருக்கும் அங்கே வேலை இருந்தது என்றேன். கேட்டவருக்குத் திருப்தியில்லை. நானும் அவரைத் திருப்திப்படுத்தப் போகவில்லை.

அதே கேள்விதான் சங்கத்திலும் வந்தது. மண்டபத்துக்கு விங் கமாண்டர் பெயர் வைக்க வேண்டும் என்று முதலில் கேட்டவன் நான். வருஷக்கணக்காகக் கேட்டேன். தலைவராக இருக்கும் மேஜர் தரைப்படையிலிருந்து ஓய்வு பெற்றவர், சாத்தூர்க்காரர், நல்ல மனிதர். அவர் வந்த பிறகுதான் காரியம் நகர்ந்தது. ஆனால் என் கட்டுரையைப் படித்துவிட்டுக் கமிட்டியில் சிலர் ஆட்சேபித்தார்கள். வாரத்துக்கு ஒரு வெடிவிபத்துச் செய்தி வருகிற மாவட்டம் இது, சைரனை மதிக்காமல் நின்றவர் பெயரை வைத்தால் வேலைக்குப் போகிறவர்களுக்கு நாம் என்ன சொல்கிறோம் என்று அவர்கள் கேட்டதில் கெட்ட எண்ணம் ஏதுமில்லை.

மேஜர் என் வீட்டுக்கே வந்தார். காப்பி குடித்தார். பிறகு, “மாரியப்பண்ணே, ஒரு வரிதான. சைரன் கேட்டதும் பதுங்கு குழிக்கு ஓடும்போது குண்டடி பட்டாருன்னு போட்டுருவோம். பாத்தவுக நீங்க ஒருத்தர்தான். யாரு கேக்கப் போறா?” என்றார்.

ஜோகிந்தர் போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிவிட்டது. மேஜர் சொன்னது உண்மைதான், பார்த்தவன் நான் ஒருவன். என் பேனா ஒரு கோடு கிழித்தால் அவர் பெயர் சொந்த மாவட்டத்தில் கல்வெட்டில் ஏறிவிடும். என்னை மட்டும் பொறுத்தது என்றால் அந்த இடத்திலேயே முடியாது என்று சொல்லியிருப்பேன். ஆனால் இது என் ஒருவன் சொத்தில்லை. அவர் மனைவி பாக்கியம் அக்கா சிவகாசியில் மகள் வீட்டில் இருக்கிறார். எழுபது தாண்டிவிட்டது. மண்டபத்துக்குப் பெயர் வைக்கப் போகிறார்கள் என்று நான் சொன்ன நாளிலிருந்து, திறப்புவிழாவுக்கு எதைக் கட்டிக்கொண்டு போவது என்று மகளிடம் கேட்டுக்கொண்டிருந்தவர். அந்தச் சந்தோஷத்தைக் கெடுக்க எனக்கு என்ன உரிமை? அக்கா சரி என்றால் பல்லைக் கடித்துக்கொண்டு எழுதிக் கொடுத்துவிடுவது என்றுதான் கிளம்பினேன். பஸ்ஸில் போகும்போது அந்த வரியை மனசுக்குள் எழுதியும் பார்த்தேன். எழுத வரவில்லை.

அக்கா கட்டிலில் உட்கார்ந்து பூக் கட்டிக்கொண்டிருந்தார். வாங்க தம்பி, சாப்பிட்டீகளா என்றார். எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னேன். பெயர் வேண்டுமானால் இந்த வரி, இந்த வரி வேண்டாமென்றால் பெயர் இல்லை என்றேன். மகள் உள்ளேயிருந்து வந்து, எழுதிக் கொடுங்க மாமா, அம்மா கண்ணால பாக்கட்டும் என்றாள். அவள் கேட்டதில் தப்பில்லை. அப்பாவின் முகமே நினைவில்லாத பிள்ளை அது.

அக்கா நாரைக் கீழே வைத்தார். என்ன எழுதச் சொல்கிறார்கள், சொல்லுங்கள் என்றார். சைரன் ஒலித்ததும் பதுங்கு குழியை நோக்கி ஓடுகையில் என்று ஆரம்பித்தேன். கையைக் காட்டி நிறுத்தினார்.

“ஓடுனாகளா?”

“இல்லக்கா.”

“நீங்க ஓடுனீக.”

“அவுக ஓடச் சொன்னாக, ஓடுனேன்.”

“உங்கள ஓடச் சொல்லத் தெரிஞ்ச மனுசன்தான,” என்றார். கண்ணீர் வழிந்தது. ஆனால் கண் என்னை விட்டு அகலவில்லை. மகள் பக்கத்தில் வந்து தோளைத் தொட்டாள். அக்கா அந்தக் கையைத் தட்டிவிட்டார். அவர் அழுதது துக்கத்தில் இல்லை என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. அவர் கோபமாக இருந்தார். அது இன்றைக்கு வந்த கோபமாகவும் இல்லை.

“ஏன் ஓடலன்னு முப்பத்தஞ்சு வருசமா அவுககூடச் சண்டை போட்டுக்கிட்டு இருக்கேன் தம்பி. தெனமும் போடுறேன். எங்கள நெனைச்சீகளா, ஒரு எட்டு ஓடியிருந்தா என்னன்னு கேட்டுக்கிட்டே இருக்கேன். இப்ப அவுக ஓடுனாகன்னு கல்லுல வெட்டி வச்சுட்டா, நான் அப்புறம் யார்கூடச் சண்டை போட?”